சிரிப்புக்கு விலங்கா?

ஆள்வோரைப் பார்த்து நகைக்கும் உரிமை குடிமக்களுக்கு உண்டா? உண்டென்றே பலரும் கூறுவர். தம் தலைவரைப் பார்த்துப் பிறர் நகைக்கும்போதும் அவர்கள் அவ்வாறே கூறுவார்களா என்பதே எமது வினா.

எகிப்து நாட்டிலே நடந்ததை எண்ணிப் பார்ப்போம். இதய அறுவை மருத்துவரான பாசிம் யூசுப், 2011ஆம் ஆண்டுப் புரட்சியின் பின் நாட்டு நடப்பை நையாண்டி செய்யத் தொடங்கினார். அவருடைய ‘அல்-பர்நாமெக்’ என்னும் தொலைக்காட்சி நிகழ்ச்சி அரபுலகெங்கும் பெயர் பெற்றது. ஜனாதிபதி முர்சியை அவர் எள்ளி நகையாடினார். 2013 மார்ச்சில் பிடியாணை பிறந்தது. ஜனாதிபதியையும் மதத்தையும் இழிவுபடுத்தினார் என்பது குற்றச்சாட்டு. அவரோ, பாகிஸ்தானில் கௌரவப் பட்டம் பெற்றபோது முர்சி அணிந்த தொப்பியைப் போன்ற பெருந்தொப்பியொன்றைச் சூடிக்கொண்டே விசாரணைக்குச் சென்றார்! 15,000 எகிப்திய பவுண் பிணையில் வெளிவந்தார். முர்சியின் எதிரிகள் கைகொட்டி மகிழ்ந்தனர்.

அவ்வாண்டு ஜூலையில் இராணுவம் முர்சியை வீழ்த்தியது. ஒக்டோபரில் மீண்டும் திரையில் தோன்றிய யூசுப், தளபதி சிசி மீது மக்கள் கொண்ட மோகத்தையும் கேலி செய்தார். அவ்வளவுதான்! நேற்றுக் கைகொட்டியோரிற் பலர் இன்று வசைமாரி பொழிந்தனர். ஒரே நிகழ்ச்சியோடு அலைவரிசையினர் அவரை நிறுத்தினர். தமது கொள்கையை மீறிவிட்டார் என்பது அவர்கள் சொன்ன காரணம். 2014இல் வேறோர் அலைவரிசை இடங்கொடுத்தது. ஆயினும், சிசி தேர்தலில் வென்ற சில நாட்களில், ஜூன் 2ஆம் நாள், நிகழ்ச்சி முடிந்ததென யூசுப்பே அறிவித்தார். பின்னர் நாட்டையும் நீங்கினார்.

சட்டம் பயின்ற நாம் ஒன்றைச் சொல்வோம். பிடியாணை கொடிதே, எனினும் அதற்கு மறுமொழி உண்டு. குற்றச்சாட்டு எழுத்தில் இருக்கும், பிணை கேட்கலாம், நீதிபதி முன் வாதாடலாம். நிலையத்தாரின் அச்சத்துக்கு எதிராக எந்த மன்றில் மேன்முறையீடு செய்வது? முர்சியின் பிடியாணையால் அடக்க முடியாத சிரிப்பை, பிடியாணையே இல்லாத அச்சம் அடக்கிவிட்டதே!

அந்த அச்சத்துக்கு உரமிட்டவர் யார்? பகைவனை நகைத்தபோது உரிமை என்றும், தம்மவரை நகைத்தபோது துரோகம் என்றும் இரு தராசு பிடித்தவர்களே.

உழவர் பெருமக்கள் இதை அறிவர். அயலவன் வயல்வேலி பிடுங்கப்படும்போது வாய்மூடி மகிழ்ந்தவன், நாளை தன் பயிரை இழப்பான். மாடு வரம்பு பார்த்து மேய்வதில்லை!