விரட்டிய நீர் வீடு திரும்பியது



உங்கள் வீட்டுக் கழிப்பறையில் ஊற்றிய நீர் எங்கே போகிறது என்று என்றேனும் எண்ணிப் பார்த்ததுண்டா? "சாக்கடைக்கு" என்பீர்கள். சாக்கடை எங்கே போகிறது? "ஆற்றுக்கு." ஆற்றுக்குப் போனது பிறகு எங்கே போகிறது என்று மேலும் கேட்டால் பெரும்பாலும் மறுமொழி இராது. அந்தக் கேள்விக்குத் தில்லி மாநகரம் ஒருமுறை மறுமொழி பெற்றது. அதனை இம்மாதம் சொல்ல விரும்புகிறேன்.

யமுனை தில்லிக்குக் குடிநீர் தரும் ஆறு. நகரின் வடபுறம் வஜீராபாத்தில் நீரை எடுத்துச் சுத்திகரித்துக் குழாய்களில் அனுப்புகிறார்கள். அவ்விடத்திற்குச் சற்றுக் கீழே நஜஃப்கர் கால்வாய் வந்து ஆற்றில் கலக்கிறது. நகரத்தின் கழிவுநீரைச் சுமந்து வரும் பெருங்கால்வாய் அது. மேலே குடிநீர், கீழே கழிவுநீர். ஆறு கீழ்நோக்கித்தானே ஓடும், அச்சமென்ன என்றே எல்லாரும் இருந்தனர்.

1955ஆம் ஆண்டு யமுனையில் பெருவெள்ளம் வந்தது. வெள்ளம் வடிந்தபோது ஆறு தன் தடத்தை மாற்றிக்கொண்டு, நீர் எடுக்கும் இடத்தைவிட்டு விலகி ஓடிற்று. நவம்பர் மாதத்தில் கால்வாயின் கழிவுநீர் பின்னோக்கி ஏறி, குடிநீர் எடுக்கும் வாயிலேயே புகுந்துவிட்டது. ஏறத்தாழ ஒரு வார காலம் இந்நிலை நீடித்தது. நீர் கெட்டதை அறிந்த அதிகாரிகள் கைகட்டி இருந்துவிடவில்லை. குளோரின் அளவைக் கூட்டினார்கள். அதன் பயனாக டைஃபாய்டும் சீதபேதியும் பெருகவில்லை. நகரம் தப்பித்துக்கொண்டது என்றே தோன்றியிருக்கும்.

டிசம்பர் பிறந்ததும் மக்களின் கண்கள் மஞ்சளாகத் தொடங்கின. ஜனவரிக்குள் சுமார் 29,000 பேருக்கு மஞ்சள் காமாலை. கண் மஞ்சளாகாமலே நோய்வாய்ப்பட்டோர் அவர்களினும் மிகுதி. பாக்டீரியாக்களைக் கொன்ற அதே குளோரினை அவற்றினும் நுண்ணிய வைரஸ் தாக்குப்பிடித்திருந்தது. உடலினுள் புகுந்தபின் சில வாரங்கள் கழித்தே அது தன்னை வெளிக்காட்டும். அதனால்தான் அழுக்கு நீர் குடித்த மாதம் ஒன்றாகவும் நோய் கண்ட மாதம் வேறாகவும் இருந்தன. அன்று எடுத்துப் பாதுகாத்து வைத்திருந்த இரத்த மாதிரிகளைப் பல்லாண்டுகள் கழித்துச் சோதித்தபோது, அதுவரை அறிந்திருந்த காமாலை வகைகளில் அது சேராது எனத் தெரியவந்தது. இன்று அதற்கு ஹெபடைடிஸ் ஈ என்று பெயர்.

இந்நோயின் கொடுமை எங்கே இருக்கிறதென்றால், திடமான உடலுடையவரைச் சில வாரங்கள் படுக்க வைத்து எழுப்பிவிடும் இது, கருவுற்ற பெண்ணிடம் இரக்கம் காட்டுவதில்லை. கருவின் கடைசி மூன்று மாதங்களில் இது கண்டால் நூற்றுக்கு இருபது, இருபத்தைந்து பேர்வரை உயிரிழக்க நேரிடலாம் என உலகச் சுகாதார நிறுவனம் எச்சரிக்கிறது. பிள்ளைப்பேற்றுக்கெனத் தாய்வீடு வந்த மகளுக்கு, அந்த வீட்டுக் குடத்து நீரே பகையாகிறது!

ஆற்றின் கதி என்ன? கழிவை உண்டு பெருகும் நுண்ணுயிர்கள் நீரில் கரைந்துள்ள ஆக்சிஜனைத் தீர்த்துவிடுகின்றன. மீன் தண்ணீருக்குள்ளேயே மூச்சுத் திணறிச் சாகிறது. வஜீராபாத் முதல் ஓக்லா வரையிலான யமுனை வெறும் 22 கிலோமீட்டர்தான். ஆற்றின் மொத்த நீளத்தில் நூற்றில் இரண்டு பங்குகூட இல்லை. ஆனால் யமுனை சுமக்கும் மாசில் பெரும்பகுதி சேருவது இங்கேதான். இப்பகுதியில் பல இடங்களில் ஆக்சிஜன் அளவு சுழியைத் தொட்டிருக்கிறது. நாம் துணி துவைக்கும் சோப்புத் தூளும் தன் பங்குக்கு அங்கே வெண்ணுரையாய் மிதக்கிறது. தொலைவிலிருந்து பார்ப்பவர் பனிக்கட்டி என்றே நினைப்பார்.

"தில்லிக் கதை நமக்கெதற்கு?" என்று கேட்கிறீர்களா? நம் ஊர்களில் கிணறும் கழிவுநீர்த் தொட்டியும் ஒரே கொல்லையில் இருக்கின்றன. மலக்குழிக்கும் கிணற்றுக்கும் இடையே குறைந்தது 15 மீட்டர் இருக்கட்டும் என்பது பொதுவாகச் சொல்லப்படும் அளவு. மணற்பாங்கான கடற்கரை ஊர்களில் இதுவும் போதாது. அடிப்புறம் பூசாத குழியாயின் அழுக்கு நேரே நிலத்தடி நீருக்குத்தான் இறங்குகிறது. தொட்டி நிறைந்தால் லாரி வந்து உறிஞ்சிக்கொண்டு போகிறது. அந்த லாரி எங்கே போய்க் கொட்டுகிறது என்று ஓட்டுநரிடம் கேட்டவர் நம்மில் எத்தனை பேர்? முறையான சுத்திகரிப்பு நிலையத்திலா, இருட்டிய பின் ஊருக்கு வெளியே ஏதேனும் ஓடையிலா?

தேங்கிய நீரில் சிறுநீர் கழிப்பதை நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் தடுத்திருக்கிறார்கள். பள்ளிவாசல் ஹவுளில் ஒரு துளி அசுத்தம் விழுந்தால் பதறுகிற நாம், தெருவே சேர்ந்து மழைநீர்க் கால்வாயில் கழிப்பறைக் குழாயைத் திருட்டுத்தனமாகச் செருகி வைத்திருப்பதைப் பார்த்தும் பாராமல் போகிறோம். இதனை எழுதுகையில் எனக்கே கூச்சமாகத்தான் இருக்கிறது; எங்கள் தெருவும் இதற்கு விலக்கன்று. ஜமாஅத்துக் கூட்டங்களில் எத்தனையோ பேசுகிறோம். மஹல்லாவின் கழிவுநீர் போகுமிடத்தையும் ஒருநாள் நடந்துபோய்ப் பார்த்துவிட்டு வந்து பேசலாம்.

அதுவரை இல்லத்தரசிகள் செய்யக்கூடியது ஒன்றுண்டு. குழாய் நீரில் குளோரின் கலந்திருக்கிறார்களே என்று இருந்துவிடாமல், குடிநீரை நன்கு கொதிக்க வையுங்கள். கொதி வந்தபின்னும் சில நிமிடங்கள் அடுப்பிலேயே இருக்கட்டும். ஆறியதும் மூடி வையுங்கள். கையை விட்டு மொள்ள வேண்டாம். வீட்டில் கருவுற்ற பெண்ணின் கண்ணோ சிறுநீரோ மஞ்சளாகத் தோன்றினால் கீழாநெல்லி தேடி நாளைக் கடத்தாமல் அன்றே மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லுங்கள்.