லூயிசுக்கு முன்பே வெந்த கிழங்கு

‘லூயிசும் கிளார்க்கும் அமெரிக்கக் கண்டத்தைக் கடந்தபோது, உலகம் அறியாத 178 தாவரங்களைக் கண்டுபிடித்தார்கள்.’ நம் பொது அறிவு நூல்களிலும் மாணவர் மலர்களிலும் பல ஆண்டுகளாக இந்த வாக்கியம் எழுத்து மாறாமல் வந்துகொண்டிருக்கிறது. அண்மையில் ஓர் அறிவியல் விழா மேடையிலும் கேட்டேன். பேசியவர் ‘மனிதக் கண் படாத காடு’ என்று தன் பங்குக்கு ஒரு வர்ணனையும் சேர்த்தார். கூட்டம் கை தட்டியது. இனியும் வாயை மூடிக்கொண்டு இருப்பதற்கில்லை.

முதலில் அந்தக் காட்டைப் பார்ப்போம். 1804 மே மாதம் செயின்ட் லூயிஸ் பக்கத்திலிருந்து கிளம்பி மிசூரி ஆற்றில் ஏறிய லூயிஸ், கிளார்க் படை, முதல் குளிர்காலத்தை மாண்டன், ஹிடாட்சா மக்களின் ஊர்களுக்கு அருகே கழித்தது. அன்றைய செயின்ட் லூயிஸ் நகரைவிட அந்த ஊர்களில் மக்கள் அதிகம். உறைபனிக் காலத்தில் படையின் வயிற்றை நிரப்பியதில் பெரும்பங்கு மாண்டன் பெண்கள் விளைவித்த மக்காச்சோளத்துக்கு உண்டு. மனிதக் கண் படாத காட்டில் சோளம் விதைத்தது யார்?

கண்டுபிடிப்பு என்று கொண்டாடப்படும் செடிகளில் ஓசேஜ் ஆரஞ்சு ஒன்று. அதன் குச்சிகளை லூயிஸ் ஜனாதிபதி ஜெபர்சனுக்கு அனுப்பியது 1804 மார்ச்சில். அப்போது பயணமே தொடங்கவில்லை. குச்சிகளை வெட்டியது, செயின்ட் லூயிஸ் நகரில் பியர் ஷூட்டோ என்ற வணிகரின் தோட்டத்தில். ஷூட்டோவுக்கு அந்த மரம் கிடைத்தது ஓசேஜ் மக்களின் ஊரிலிருந்து. ஓசேஜ் வேடர்கள் தலைமுறை தலைமுறையாக வில் செய்த மரம் அது. ஊருக்குள் ஒருவர் வீட்டுத் தோட்டத்தில் நின்ற மரத்தைக் கண்டுபிடித்ததாக எழுத எப்படி மனம் வருகிறது?

‘லூயிஸ் தாவரவியல் பயின்றவர்’ என்பார்கள். 1803இல் பிலடெல்பியாவில் பேராசிரியர் பார்ட்டனிடம் சில வாரப் படிப்பு, அவ்வளவுதான். ‘மேற்கத்திய அறிவியலுக்குப் புதிது என்பதுதான் பொருள்’ என்பார்கள். அப்படியானால் அப்படியே அச்சிடுங்கள்.

எனக்கு ஆறாத கோபம் பிட்டர்ரூட் விஷயத்தில்தான். இன்று மொன்டானா மாநிலத்தின் மலர் அது. தரையோடு ஒட்டிப் பூக்கும் இளஞ்சிவப்புப் பூ. இதற்கு லூயிசியா ரெடிவிவா என்று லூயிசின் பெயரையே சூட்டியிருக்கிறார்கள். 1806 ஜூலை 1 அன்று லூயிஸ் அதைப் பறித்துத் தாளில் அழுத்தி வைத்தார்; கிழக்கே கொண்டுபோனபின் காய்ந்த வேர் மறுபடி துளிர்த்தது; 1814இல் லண்டனில் புர்ஷ் என்ற தாவரவியலாளர் தன் நூலில் பெயரிட்டார். எல்லா நூல்களும் சொல்லும் கதை இதுதான்.

லூயிஸ் அதைப் பறித்ததற்கு முந்தைய ஆண்டில் நடந்ததை அந்த நூல்கள் ஏன் விழுங்கிவிடுகின்றன? 1805 ஆகஸ்டில் படையின் வேட்டைக்காரர் ட்ரூயார், ஷோஷோனி மக்கள் சிலரோடு உட்கார்ந்து சாப்பிட்டார். அவர் குதிரையைப் பிடிக்கப் போன நேரத்தில் ஓர் இளைஞன் அவருடைய துப்பாக்கியைத் தூக்கிக்கொண்டு ஓடினான். ட்ரூயார் துரத்திப் போய்த் துப்பாக்கியை மீட்டார். திரும்பி வந்து, அவர்கள் போட்டுவிட்டு ஓடிய மூட்டைகளையும் எடுத்துக்கொண்டார். அவற்றில் தோல்கள், உலர்ந்த பழங்கள், மூன்று வகைக் கிழங்குகள். அதில் ஒன்றை வேகவைத்து வாயில் போட்ட லூயிசுக்குக் கசப்பில் குமட்டியது. மிச்சத்தை அங்கிருந்த ஷோஷோனி மக்களிடம் கொடுத்தார். அவர்கள் ருசித்துத் தின்றார்கள். பிட்டர்ரூட் லூயிசின் கைக்கு வந்த வழி இது. தோண்டி, தோலுரித்து, காயவைத்து, இன்னொரு குடும்பம் வழிச்சாப்பாட்டுக்குக் கட்டி வைத்திருந்த மூட்டையிலிருந்து வந்தது. லூயிசே இதைத் தன் நாட்குறிப்பில் எழுதி வைத்திருக்கிறார். அவர் மறைக்காததை நாம் மறைக்கிறோம்.

‘உயிரைப் பணயம் வைத்துத் தேடினார்கள்’ என்பது அடுத்த வாதம். அந்த உயிரைக் காத்தது எது? 1805 செப்டம்பரில் பிட்டர்ரூட் மலைத்தொடரில் பனியில் சிக்கி, உணவு தீர்ந்து, தங்கள் குதிரைக்குட்டியையே கொன்று தின்றார்கள். செப்டம்பர் 20ஆம் தேதி முன்னே போன கிளார்க் வீயைப் சமவெளியில் இறங்கியபோது, நெஸ் பெர்ஸ் மக்கள் அவருக்கு உலர்ந்த சால்மன் மீனும் காமாஸ் கிழங்கும் கொடுத்தார்கள். பழக்கமில்லாத உணவை அள்ளித் தின்றவர்களுக்கு வயிறு கெட்டது, உயிர் நின்றது.

அந்தக் காமாஸை உண்ணும்படி ஆக்குவது எளிதல்ல. பச்சையாகத் தின்றால் செரிக்காது. பெண்கள் குழி வெட்டி, விறகு எரித்துக் கற்களைப் பழுக்கச் சூடாக்கி, புல் பரப்பி, கிழங்கைக் கொட்டி, மறுபடி புல், மேலே மண் என்று மூடி, ஒன்றிரண்டு நாள் வேகவிடுவார்கள். அந்த நெடுநேரச் சூட்டில்தான் கிழங்கிலுள்ள இனுலின் என்ற பொருள் சர்க்கரையாகிறது. கிழங்கு கறுத்து இனிக்கிறது. இன்னொரு ஆபத்தும் உண்டு. அதே புல்வெளியில் நச்சுக் காமாஸும் வளரும். கிழங்கைப் பார்த்துப் பிரிப்பது கடினம். நீலப்பூவா வெண்பூவா என்று பூக்கும் காலத்தில் பார்த்து வைக்க வேண்டும். எது கொல்லும், எது காக்கும், எத்தனை நேரம் வேகவேண்டும் என்று அறிந்த பெண்களைத் தாவரவியலின் வாசலுக்கு வெளியே நிறுத்திவிட்டு, அவர்கள் கையால் வாங்கித் தின்றவரை உள்ளே அழைத்து மாலை போடுகிறது அந்தக் ‘கண்டுபிடித்தார்கள்’ வாக்கியம்.

‘அந்தக் காலத்தில் யாரும் அப்படியெல்லாம் பெயர் குறிப்பிட மாட்டார்கள்’ என்று சமாதானம் சொல்பவர்களுக்கு ஒரு தகவல். கொச்சியில் டச்சு ஆளுநராக இருந்த வான் ரீட், 1678இல் வெளியான ‘ஹோர்ட்டஸ் மலபாரிகஸ்’ முதல் தொகுதியில், தனக்குச் செடிகளைச் சொல்லிக் கொடுத்த ஈழவ வைத்தியர் இட்டி அச்சுதனின் சான்றுரையை அவர் பெயரோடு அச்சிட்டார். புர்ஷின் நூலுக்கு 136 ஆண்டுகளுக்கு முன்பு. மனமிருந்தவர்களால் முடிந்தது.

பெயரை மறைப்பதால் என்ன கெட்டுப்போயிற்று என்றும் கேட்கிறார்கள். ஆளில்லாத நிலம், யாருக்கும் சொந்தமில்லாத செடி என்று சொல்லிப் பழகிய பின் என்ன நடந்தது என்பதைத் தெற்கு ஐடஹோவின் காமாஸ் சமவெளியில் பார்க்கலாம். பானக், ஷோஷோனி மக்கள் ஆண்டுதோறும் கிழங்கு தோண்டிய அந்த நிலத்தில் குடியேறிகள் பன்றிகளையும் மாடுகளையும் மேயவிட்டார்கள். பன்றிகள் மூக்கால் கிளறிக் கிழங்கைத் தின்று தீர்த்தன. பசித்தவர்கள் ஆயுதம் எடுத்தார்கள். 1878இல் பானக் போர் மூண்டது.

பொது அறிவு நூல்களைத் தொகுக்கும் ஆசிரியர்களிடம் கேட்டுக்கொள்கிறேன். 178 என்ற எண் இருந்துவிட்டுப் போகட்டும். ‘கண்டுபிடித்தார்கள்’ என்பதை அடித்துவிட்டு ‘பதிவு செய்தார்கள்’ என்று போடுங்கள். லூயிஸ், கிளார்க் பெயர்களுக்குப் பக்கத்திலேயே ஓசேஜ், மாண்டன், ஷோஷோனி, நெஸ் பெர்ஸ் என்ற பெயர்களையும் அதே எழுத்தளவில் அச்சிடுங்கள்.