குடையைக் கொடை என்று எழுதிய குழந்தை

வேலப்பன்சாவடியில் எங்கள் பக்கத்து வீட்டுப் பெண் மூன்றாம் வகுப்பு படிக்கிறாள். போன வாரம் வாசற்படியில் உட்கார்ந்து ‘குடை’ என்று ஐம்பது முறை எழுதிக்கொண்டிருந்தாள். டிக்டேஷனில் ‘கொடை’ என்று எழுதிவிட்டாளாம். எட்டிப் பார்த்தேன். பத்து வரிக்குப் பிறகு அவள் சொல்லையே எழுதவில்லை. மேலிருந்து கீழாக வரிசையாகக் ‘கு’ போட்டு முடித்துவிட்டு, அப்புறம் பக்கத்திலேயே ‘டை’களை இறக்கிக்கொண்டு வந்தாள். இம்போசிஷன் எழுதிய எல்லோருக்கும் தெரிந்த வழிதான் இது. கை எழுதும், மனம் எங்கோ இருக்கும்.

எழுத்துப்பிழை என்றால் கவனக்குறைவு, நூறு தடவை எழுதினால் சரியாகிவிடும் என்று ஆசிரியர்களும் பெற்றோரும் உறுதியாக நம்புகிறார்கள். இந்த நம்பிக்கை தவறு. குழந்தைகளை அது காயப்படுத்துகிறது.

அந்தப் பெண்ணின் பிழையையே பாருங்கள். நம் பேச்சில் குடை கொடையாகிறது, உடம்பு ஒடம்பாகிறது, உலகம் ஒலகமாகிறது, இலை எலையாகிறது, இடம் எடமாகிறது. அடுத்த எழுத்தில் அகரமோ ஐகாரமோ வந்தால் முன்னால் இருக்கும் உகரம் ஒகரமாகவும் இகரம் எகரமாகவும் இளகுகின்றன. புலியை யாரும் பொலி என்பதில்லை, குடியைக் கொடி என்பதுமில்லை. அந்தக் குழந்தையும் ‘புலி’யைச் சரியாகத்தான் எழுதியிருந்தாள். யாரும் சொல்லித்தராத ஓர் ஒலி விதியை எட்டு வயதில் அவள் காது பிடித்திருக்கிறது. இதையா கவனக்குறைவு என்பது?

அமெரிக்காவில் சார்லஸ் ரீட் என்ற மொழியியலாளர் 1971இல் காட்டியதும் இதைத்தான். பள்ளிக்குப் போகாத சின்னக் குழந்தைகள் ‘டிரக்’கைச் ‘ச்ரக்’ என்பது போல எழுதினார்கள். அந்த ஒலி உண்மையிலேயே அப்படித்தான் காதில் விழுகிறது.

தமிழ்க் குழந்தையின் பாடு இன்னும் கடினம். ந, ன இரண்டும் நம் வாயில் ஒன்றாகிவிட்டன. ர, ற வேறுபாடும் பெரும்பாலும் போய்விட்டது. சென்னையில் வாழைப்பழம் ஒரு வீட்டில் வாளப்பளம், இன்னொரு வீட்டில் வாயப்பயம். காதில் இல்லாத வேறுபாட்டைக் காகிதத்தில் மட்டும் எதிர்பார்க்கிறோம். சரி, அதற்கான காரணத்தையாவது சொல்கிறோமா? மூணு சுழி, ரெண்டு சுழி என்று சுழியை எண்ணச் சொல்கிறோம். நம் முன்னோர் வைத்த பெயர்களோ டண்ணகரம், தந்நகரம், றன்னகரம். வண்டியில் டகரத்துக்கு முன் ண், பந்தில் தகரத்துக்கு முன் ந், கன்றில் றகரத்துக்கு முன் ன். பெயரே பாடமாக இருக்கிறது. அதைத் தூக்கிப் போட்டுவிட்டு இம்போசிஷனைப் பிடித்துக்கொண்டோம்.

பக்கத்து ஊரான திருவேற்காட்டைத் ‘திருவேர்க்காடு’ என்று எழுதுபவர்கள் பெரியவர்களிலும் உண்டு. வேல மரக் காடு, வேல் + காடு வேற்காடு. கல்லும் கண்டும் சேர்ந்து கற்கண்டு ஆனது போல. இதை ஒருமுறை கேட்ட குழந்தைக்கு ஐம்பது முறை எழுத வேண்டிய தேவை இருக்காது.

“நாங்கள் அடி வாங்கித்தானே கற்றோம்” என்பார்கள். எழுத்து படிந்தது அடியால் அல்ல. வாரப் பத்திரிகையும் கதைப் புத்தகமும் கையில் கிடைத்து, ஒரே சொல்லைக் கண் நூறு இடங்களில் பொருளோடு சந்தித்ததால் படிந்தது. அது கிடைக்காமல் அடியை மட்டும் வாங்கியவர்கள் பேனாவைத் தொடவே அஞ்சுகிறார்கள். மனு எழுத வேறொருவரைத் தேடுகிறார்கள். கற்றல் குறைபாடு உள்ள குழந்தைகளின் நிலை இன்னும் கொடுமை. 2016இன் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் அதை அங்கீகரித்த பிறகும், நம் வகுப்பறைகளில் அதற்குப் பெயர் சோம்பேறித்தனம்.

அன்று அவளிடம், “பேசும்போது எப்படிச் சொல்வ?” என்று கேட்டேன். “கொடை, அங்கிள்.” “எழுதும்போது அது குடை. இதே மாதிரி வேற சொல் ஏதாவது இருக்கா?” கொஞ்சம் யோசித்தாள். “ஒடம்பு… எலை… வெலை…” என்று விரல் மடக்கிச் சொல்லிக்கொண்டே போனவள், நோட்டைப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டாள். இன்னும் இருபது வரி பாக்கி இருந்தது. முடிக்காவிட்டால் நாளைக்கு நூறாம்.