பிணத்துக்கு வாய்தா இல்லை

நன்னிலத்திலிருந்து மயிலாடுதுறை போகும் திசையில் இருக்கிறது வழுவூர். வீரட்டத் தலம் என்று பக்தி ஏடுகள் கொண்டாடும் ஊர். அதையொட்டிய திருநாள்கொண்டசேரியில் 2016 சனவரியில் நூறு வயதுப் பெரியவர் ஒருவர் இறந்தார். தலித். அவர் உடலை வழுவூர் பொதுப்பாதை வழியே கொண்டுபோக ஆதிக்கச் சாதியினர் விடவில்லை. சில வாரங்களுக்கு முன் அவர் மனைவி இறந்தபோதும் இதே மறிப்புதான்.

குடும்பம் சென்னை உயர்நீதிமன்றம் போனது. பொதுப்பாதையிலேயே கொண்டுசெல்லலாம், போலீஸ் பாதுகாப்புத் தர வேண்டும் என்று உத்தரவும் வாங்கியது. ஊருக்குள் போலீஸ் படை வந்தது. உறவினர்களை அடித்துப் பிடித்து அப்புறப்படுத்தியது. உடலைத் தானே தூக்கி, வயல் வழியாகக் கொண்டுபோய்ப் புதைத்தது. மறித்தவர்கள் கேட்டதும் அதைத்தானே!

‘நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போடலாமே’ என்று தோழர்கள் கேட்பார்கள். போடலாம், போடவும் வேண்டும். ஆனால் அந்த வழக்கு எப்படி நடக்கிறது என்று பாருங்கள். 1971ஆம் ஆண்டுச் சட்டப்படி, வேண்டுமென்றே மீறினார் என்று மனுதாரர் காட்ட வேண்டும். ‘சட்டம் ஒழுங்குக்காகச் செய்தோம்’ என்பார் அதிகாரி. உச்சபட்சத் தண்டனை ஆறு மாதச் சிறை, 2000 ரூபாய் அபராதம். மன்னிப்புக் கேட்டு, நீதிமன்றம் ஏற்றுக்கொண்டால் அதுவும் இல்லை. நடைமுறையில், நோட்டீஸ் போன பிறகு அவசர அவசரமாக உத்தரவை நிறைவேற்றி, ‘செய்துவிட்டோம் ஐயா’ என்று அறிக்கை கொடுப்பார்கள், வழக்கு முடித்துவைக்கப்படும். ஓய்வூதிய பாக்கிக்கு இது பரவாயில்லை. தாமதமானாலும் பணம் வரும். புதைத்த உடலைத் தோண்டியெடுத்து மறுபடி ஊர்வலம் நடத்த எந்த நீதிபதியால் முடியும்? மீறுகிறவருக்கு இந்தக் கணக்கு நன்றாகத் தெரியும்.

நீதிமன்றத்துக்குப் பல்லே இல்லை என்றும் சொல்ல முடியாது. ஆந்திராவின் குண்டூர் மாவட்டத்தில் உயர்நீதிமன்ற உத்தரவை மீறி ஏழைகளின் குடிசைகளை இடித்த ஒரு வட்டாட்சியர், பின்னாளில் துணை ஆட்சியராகப் பதவி உயர்வும் பெற்றார். 2025 மே மாதம் உச்சநீதிமன்றம் அவரை மறுபடி வட்டாட்சியராகவே இறக்கி, ஒரு லட்சம் ரூபாய் அபராதமும் போட்டது. நல்ல தீர்ப்பு. குடிசைகள் போய்ப் பத்தாண்டுக்கு மேல் ஆகிவிட்டது என்பதுதான் சங்கடம்.

ஆகவே அவமதிப்பு மனுவை மட்டும் நம்பிக்கொண்டிருக்க வேண்டாம். வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 4ஆவது பிரிவு, கடமையை வேண்டுமென்றே புறக்கணிக்கும், பட்டியல் சாதியையோ பட்டியல் பழங்குடியையோ சாராத அரசு ஊழியருக்கு ஆறு மாதம் முதல் ஓராண்டு வரை சிறை என்கிறது. (அதற்கும் முதலில் நிர்வாக விசாரணையின் பரிந்துரை வேண்டுமாம். விசாரிப்பது யார்? அதே நிர்வாகம்தான்.) பொது இடுகாட்டையும் பாதையையும் தடுப்பதைத் தனிக் குற்றமாகத் தெளிவாகச் சொல்லும் திருத்தம் 2016 சனவரி 26 அன்று நடைமுறைக்கு வந்தது. பெரியவரை வயல் வழியே தூக்கிப் போய்ச் சில வாரங்கள்தான் ஆகியிருந்தன.

இப்படியொரு வழக்குக்கு மனு எழுதும் வழக்கறிஞர் தோழர்களிடம் ஒன்று கேட்கிறோம். ‘காவல்துறை பாதுகாப்பு வழங்க வேண்டும்’ என்று பொதுவாக எழுதி நிறுத்தாதீர்கள். எந்தப் பாதை, எத்தனை மணிக்கு, எந்தக் கோட்டாட்சியரும் எந்த டி.எஸ்.பி.யும் பொறுப்பு என்பதைப் பதவியோடும் பெயரோடும் உத்தரவில் எழுதி வாங்குங்கள். உடல் இடுகாட்டுக்குப் போய்ச் சேர்ந்த அன்று மாலையே அவர்கள் நீதிமன்றத்துக்கு அறிக்கை தர வேண்டும் என்பதையும் கேளுங்கள்.