பெண் பார்க்கப் போனவர்

வரன் தேடப் போகிறவர்களைப் பற்றி உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. போகும்போது வெற்றிலைப் பாக்கும் உற்சாகமுமாகப் போவார்கள். திரும்பி வரும்போது, "பெண் லட்சணந்தான், ஆனால்..." என்று இழுப்பார்கள். இந்த வாரம் நான் சொல்லப் போகிறவரும் அப்படிப் பெண் பார்க்கப் போனவர்தான். மாப்பிள்ளை மட்டும் சாமான்யப்பட்டவர் அல்ல. ரோம சாம்ராஜ்யத்தின் கடைசிச் சக்கரவர்த்தி! போனவர் அவருடைய அந்தரங்க நண்பர். ஜார்ஜ் ஸ்பிரான்ட்ஸஸ் என்று பெயர். 1449-ஆம் வருஷம் கிளம்பியவர் இரண்டு வருஷம் அலைந்துவிட்டுத்தான் ஊர் திரும்பினார்.

"ரோம சாம்ராஜ்யம் அதற்கு எவ்வளவோ முன்பே ஒழிந்து போய்விட்டதே!" என்று சரித்திரம் படித்தவர்கள் கேட்பீர்கள். மேற்கே ஒழிந்தது வாஸ்தவம். ஆனால் கிழக்கே, கான்ஸ்டன்டைன் சக்கரவர்த்தி 330-ஆம் வருஷத்தில் தம் பெயரால் ஸ்தாபித்த கான்ஸ்டாண்டிநோபிள் நகரம் தலைநகரமாகவே நீடித்து வந்தது. இன்று அதற்கு இஸ்தான்புல் என்று பெயர். முக்கோணமான நகரம் அது. இரண்டு பக்கம் கடல். நிலத்தைப் பார்த்த மூன்றாவது பக்கத்தில் ஐந்தாம் நூற்றாண்டில் எழுப்பிய பிரசித்தி பெற்ற மதில். முதலில் சுமார் 20 மீட்டர் அகலமுள்ள அகழி. அதைத் தாண்டினால் வெளி மதில். அதற்கும் அப்பால் சுமார் 12 மீட்டர் உயரத்துக்கு உள் மதில். ஆயிரம் வருஷ காலம் வந்து மோதியவர்கள் எல்லாம் மண்டை உடைந்து திரும்பினார்கள். 1204-ல் சிலுவைப் போர் வீரர்கள் உள்ளே புகுந்து சூறையாடினார்கள் என்றால், அதுவும் கடல் பக்கமாகத்தான்.

மதில் அப்படியே இருந்தது. உள்ளேதான் ஒன்றும் இல்லை. நொடித்துப் போன ஜமீன்தார் வீட்டை நீங்கள் பார்த்திருக்கலாம். வாசலில் யானை கட்டிய சங்கிலி கிடக்கும். அடுக்களையில் மறுவேளைக்கு அரிசி இராது. அந்தக் கதைதான். ஒரு காலத்தில் லட்சக்கணக்கான ஜனங்கள் நெருக்கியடித்துக்கொண்டு இருந்த நகரத்தில் சுமார் 50,000 பேர் மிஞ்சியிருந்தார்கள். மதிலுக்குள்ளேயே வயலும் தோட்டமும் போட்டிருந்தார்கள்.

மாப்பிள்ளையைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். பதினோராவது கான்ஸ்டன்டைன். வயது ஐம்பதை நெருங்கிக்கொண்டிருந்தது. இரண்டு மனைவிகளும் ஒருவர் பின் ஒருவராகக் காலமாகிவிட்டார்கள். குழந்தை இல்லை. நகரத்தை ஸ்தாபித்தவர் பெயரும் கான்ஸ்டன்டைன், அவருடைய தாயார் பெயர் ஹெலனா. இவருடைய தாயாரும் ஹெலனாதான்! இந்தப் பொருத்தத்தைப் பார்த்து ஊரில் சிலருக்கு வயிற்றைக் கலக்கியது.

ஸ்பிரான்ட்ஸஸ் முதலில் ஜார்ஜியா தேசத்து ராஜகுமாரியைப் பார்த்தார். அங்கே ஒரு வேடிக்கை. அந்த ஊர் வழக்கப்படி பிள்ளை வீட்டார்தான் பெண்ணுக்குப் பணம் கொடுக்க வேண்டுமாம். பெண் வீட்டார் கொடுக்கிற பழக்கம் கிடையாதாம். (படித்துவிட்டுப் பெருமூச்சு விடாதீர்கள். சக்கரவர்த்தியின் சம்பந்தம் என்பதற்காக அந்த ராஜாவும் வழக்கத்தை மீறிச் சீர் கொடுக்கச் சம்மதித்துவிட்டார்!)

அங்கிருந்து கருங்கடல் கரையிலுள்ள டிரெபிஸாண்டுக்கு வந்தார். அந்த நகரத்து மன்னர் ஒரு சேதி சொன்னார். துருக்கி சுல்தான் இரண்டாம் முராத் 1451 பிப்ரவரியில் காலமாகிவிட்டார். 19 வயதுப் பிள்ளை மெகமத் பட்டத்துக்கு வந்திருக்கிறான். சொன்னவருக்கு ஒரே சந்தோஷம். ஸ்பிரான்ட்ஸஸுக்கோ சொந்த வீட்டில் சாவு விழுந்தாற்போல் இருந்ததாம். தம்முடைய நினைவுக் குறிப்பில் அப்படித்தான் எழுதியிருக்கிறார். கிழவர் யுத்தம் செய்து களைத்துச் சமாதானத்தை விரும்பியவர். இந்தப் பிள்ளையோ சின்ன வயதிலிருந்தே பகை பாராட்டுகிறவன் என்பது அவருடைய கணக்கு.

மற்ற எல்லோரும் "பையன்தானே!" என்று அலட்சியமாக இருந்தார்கள். அதற்குக் காரணம் உண்டு. மெகமத்துக்கு 12 வயதாகும்போதே, 1444-ல், முராத் அவனைச் சிம்மாசனத்தில் உட்கார வைத்துவிட்டு ஒதுங்கிக்கொண்டார். ஒதுங்கிய அதே வருஷம் எதிரிப் படை எல்லையைத் தாண்டியது; தகப்பனாரை அழைத்து வந்துதான் யுத்தத்தில் ஜயிக்க முடிந்தது. 1446-ல் பையனை இறக்கிவிட்டு முராத்தே மறுபடி சுல்தானானார். இதற்கெல்லாம் சூத்திரதாரி பிரதம மந்திரி ஹலில் பாஷா. சபை நடுவே தட்டிலிருந்த சோற்றைப் பிடுங்கினால் குழந்தை மறக்குமா? பையன் மறக்கவில்லை. ஐரோப்பியத் தூதர்கள் வந்தபோது சிரித்த முகத்துடன் சமாதானம் சொல்லி அனுப்பினான். 1452-ல் பாஸ்பரஸ் ஜலசந்தியின் மிகக் குறுகிய இடத்தில், சில மாதங்களுக்குள், ஒரு பெரிய கோட்டையைக் கட்டி முடித்துவிட்டான். அப்புறந்தான் ஜனங்களுக்குப் புரிந்தது.

இதற்கு நடுவில் ஸ்பிரான்ட்ஸஸுக்கு ஒரு யுக்தி தோன்றியது. முராத்தின் மனைவிமார்களில் மாரா என்று ஒரு ஸெர்பிய ராஜகுமாரி இருந்தாள். மெகமத்துக்கு மாற்றாந்தாய். ஆனால் பெற்ற தாயைப்போல் அவளிடம் அவனுக்கு மரியாதை. தகப்பனார் போனதும் தகுந்த கௌரவத்துடன் அவளைப் பிறந்தகத்துக்கு அனுப்பி வைத்திருந்தான். அவளைச் சக்கரவர்த்தி மணந்துகொண்டால்? மெகமத் கோட்டைக்கு வெளியே நிற்பான், உள்ளே அம்மா இருப்பாள்! பெண்ணின் தாய் தகப்பனார் சந்தோஷமாகச் சம்மதித்தார்கள். மாராதான் மாட்டேன் என்றாள். சுல்தானுடைய அந்தப்புரத்திலிருந்து விடுதலை கிடைத்தால் பிறகு கலியாணமே செய்துகொள்வதில்லை என்று கடவுளிடம் வேண்டிக்கொண்டிருந்தாளாம். அந்த அம்மாளை யாராவது குறை சொன்னால் நான் சம்மதிக்க மாட்டேன். ஒரு தடவை ராஜ்யத்துக்காகத் தாலி கட்டிக்கொண்டவள், மறு தடவையும் ராஜ்யத்துக்காகவே கழுத்தை நீட்ட வேண்டுமா?

பழையபடி ஜார்ஜியப் பெண்ணையே நிச்சயம் செய்தார்கள். அவள் புறப்பட்டு வருவதற்குள் வேறு விருந்தாளி வந்துவிட்டான்.

அர்பான் என்ற பீரங்கி வார்ப்பவர் முதலில் சக்கரவர்த்தியிடந்தான் வேலை கேட்டு வந்தார். சம்பளம் கொடுக்கக் கஜானாவில் பணம் இல்லை. அவர் சுல்தானிடம் போனார். சுல்தான் கொடுத்ததில் கால் பங்கு இங்கே கிடைத்திருந்தால் அந்த மனிதர் போயிருக்கவே மாட்டார் என்று அக்காலத்துச் சரித்திரக்காரர் ஒருவர் வயிறெரிந்து எழுதியிருக்கிறார். அவர் வார்த்த பெரிய பீரங்கியை இழுக்க 60 எருதுகள் வேண்டியிருந்தன. ஒரு நாளைக்கு ஏழு தடவைக்கு மேல் அதைச் சுட முடியாது. ஏழு போதாதா?

1453 ஏப்ரல் 6-ஆம் தேதி முற்றுகை ஆரம்பமாயிற்று. அதற்குச் சற்று முன்புதான், நகரத்தில் ஆயுதம் தாங்கக் கூடியவர்கள் எத்தனை பேர் என்று கணக்கெடுக்கும்படி சக்கரவர்த்தி உத்தரவிட்டார். சன்னியாசிகளைக்கூட விடவில்லை. கணக்கைத் தொகுத்தவர் நமது ஸ்பிரான்ட்ஸஸ். கூட்டிப் பார்த்தார், 5,000 பேர்கூடத் தேறவில்லை! ஜெனோவாவிலிருந்து வந்த ஜியுஸ்டினியானியின் 700 பேரையும், மற்ற வெளியூர்க்காரர்களையும் சேர்த்தாலும் ஏறக்குறைய 7,000. வெளியே நின்றவர்கள் அதைப்போல் பத்து மடங்கு. சக்கரவர்த்தி அந்தக் காகிதத்தைப் பார்த்துவிட்டு, இது நமக்குள் இருக்கட்டும் என்று சொல்லிவிட்டார். வீட்டில் பணம் தீர்ந்து போனதைக் குழந்தைகளுக்குத் தெரியாமல் மறைத்துச் சமையல் செய்கிற தாய்மார்களுக்கு அவருடைய மனம் புரியும்.

பகலெல்லாம் பீரங்கி மதிலை இடிக்கும். இரவெல்லாம் ஊரார் அடைப்பார்கள். இடிந்த இடத்தில் மரக்கட்டைகளை நிறுத்தி, மண் நிரப்பிய பீப்பாய்களை அடுக்கி, விடிவதற்குள் புதுச் சுவர் எழுப்பிவிடுவார்கள். பெண்களும் குழந்தைகளும் கல் சுமந்தார்கள். ஏழு வார காலம் இது நடந்தது. சரித்திரப் புத்தகத்தில் பீரங்கிக்கு ஒரு பக்கம் ஒதுக்கியிருக்கிறார்கள். கல் சுமந்தவர்களுக்கு ஒரு வரி.

துறைமுகத்தின் வாயில் ஒரு பெரிய இரும்புச் சங்கிலி போட்டிருந்தபடியால் துருக்கிக் கப்பல்கள் உள்ளே நுழைய முடியவில்லை. ஏப்ரல் 22-ஆம் தேதி காலையில் ஜனங்கள் எழுந்து பார்த்தால், மலைமேலிருந்து கப்பல்கள் இறங்கி வருகின்றன! கொழுப்புத் தடவிய கட்டைகளைப் பரப்பி, எருதுகளையும் ஆட்களையும் விட்டு இழுத்து, சுமார் 70 கப்பல்களைக் குன்றின்மேல் ஏற்றி மறுபக்கம் துறைமுகத்துக்குள் இறக்கிவிட்டான் சுல்தான். அந்த 21 வயது மூளைக்கு நாம் ஒரு சபாஷ் போடத்தான் வேண்டும். கடல் பக்கத்து மதிலுக்கும் இப்போது காவல் போட வேண்டும். ஆளுக்கு எங்கே போவது?

வெனிஸிலிருந்து கப்பற்படை வரும் என்று ஒரு நம்பிக்கை. மே 3-ஆம் தேதி இரவு, பன்னிரண்டு பேர் துருக்கியர்போல் வேஷம் போட்டுக்கொண்டு ஒரு சிறு கப்பலில் ஏறி, எதிரிக் கப்பல்களுக்கு நடுவே நழுவி வெளியேறினார்கள். கடலெல்லாம் தேடினார்கள். ஒரு பாயைக்கூடக் காணோம். இனி என்ன செய்வது? திரும்பிப் போவது சாவதற்குத்தான் என்று அவர்களில் ஒருவன் சொன்னான். மற்றவர்கள், போய்ச் சொல்ல வேண்டியது நம் கடமை என்றார்கள். மே 23-ஆம் தேதி வந்து சேர்ந்தார்கள். சக்கரவர்த்தி அவர்கள் ஒவ்வொருவருக்கும் நன்றி சொல்லிக் கண்ணீர் விட்டார். இந்தச் சரித்திரம் முழுவதிலும் எனக்கு மிகவும் பிடித்த மனிதர்கள் இந்தப் பன்னிரண்டு பேர்தான்.

சுல்தானின் கூடாரத்திலும் கலக்கம் இல்லாமல் இல்லை. முற்றுகையை விட்டுவிடலாம் என்று ஹலில் பாஷா வாதாடினார். சுல்தான் கேட்கவில்லை. மே 29-ஆம் தேதி நடுநிசிக்குப் பிறகு கடைசித் தாக்குதல் தொடங்கியது. முதலில் கூலிப்படை, பிறகு அனடோலியாப் படை. இரண்டையும் உள்ளே இருந்தவர்கள் தள்ளிவிட்டார்கள். மூன்றாவதாக, களைப்பே அறியாத ஜானிஸரிகள் வந்தார்கள். விடியற்காலையில் ஜியுஸ்டினியானிக்குப் பலத்த காயம் பட்டது. அவரைத் தூக்கிக்கொண்டு போனதைக் கண்டதும் மற்றவர்களின் கால் நழுவியது. ஒரு சிறு வாசலைத் தாழிட மறந்துவிட்டார்கள், அதன் வழியாகத்தான் பகைவர் வந்தார்கள் என்றும் ஒரு கதை உண்டு. அதைச் சொல்பவர் அன்று நகரத்தில் இல்லாத ஒருவர். எனக்கு நம்பிக்கை வரவில்லை. எந்த வீட்டில் திருடு போனாலும் கதவைத் தாழிடாத ஒருவர் மேல் பழியைப் போடுவது உலக வழக்கம்!

சக்கரவர்த்தி ராஜ சின்னங்களைக் கழற்றி எறிந்துவிட்டு, மதிலருகே சாதாரணப் போர்வீரனைப்போல் சண்டையிட்டு மாண்டார் என்கிறார்கள். அவருடைய உடல் நிச்சயமாக அடையாளம் தெரியவில்லை. ஸோபியா ஆலயத்தில் அடைக்கலம் புகுந்திருந்த பெண்களையும் குழந்தைகளையும் அடிமைகளாகப் பிடித்துப் போனார்கள். பிடித்த நகரத்தைக் கொள்ளைக்கு விடுவது அக்கால யுத்த வழக்கம். 1204-ல் சிலுவைக்காரர்கள் செய்ததும் இதைவிடக் குறைந்ததல்ல. பிற்பாடு சுல்தான் பல ஊர்களிலிருந்தும் குடும்பங்களைக் கொண்டுவந்து குடியேற்றி, அந்த வெற்று நகரத்தை மறுபடி நிரப்பினான். கிரேக்கர்களுக்கு மதத் தலைவர் ஒருவரையும் நியமித்தான். ஹலில் பாஷா மட்டும் வெற்றிக்குப் பிறகு அதிக நாள் உயிரோடு இல்லை. அவருக்கு மரண தண்டனை கிடைத்தது.

மாரா? பெற்றோர் இறந்த பிறகு அவள் மெகமத்திடமே வந்து சேர்ந்தாள். அவன் கொடுத்த கிராமங்களில் மதிப்போடு வாழ்ந்து, வெனிஸுக்கும் சுல்தானுக்கும் இடையே சமாதானம் பேசி, 1487-ல் காலமானாள்.

ஸ்பிரான்ட்ஸஸ் குடும்பத்தோடு அடிமையானார். சில மாதத்தில் தம்மையும், பிறகு மனைவியையும் மீட்டுக்கொண்டார். குழந்தைகளை மீட்க முடியவில்லை. மகன் தன்னைக் கொல்லச் சதி செய்தான் என்று குற்றம் சாட்டிச் சுல்தான் கொன்றுவிட்டான். மகள் தாமர் சுல்தானின் அரண்மனையில் இருந்தாள். 1455 செப்டம்பரில் தொற்று நோய் கண்டு இறந்தாள். தகப்பனார் கடைசிக் காலத்தில் சன்னியாசியாகி, கோர்ஃபு தீவில் உட்கார்ந்து தம் நினைவுக் குறிப்பை எழுதி முடித்தார். அதில் அவளுக்கு ஒன்றிரண்டு வரிதான். வயதை மட்டும் மாதம் தவறாமல் எழுதியிருக்கிறார்: 14 வயது, 5 மாதம்.