அந்தி யாருக்குச் சாய்கிறது?

அந்திப்பொழுதைக் காட்டிக் காலத்தின் நிலையாமையை உணர்த்தும் குறும்படங்கள் இன்று நம்மிடையே பெருகி வருகின்றன. கடலில் அமிழும் ஞாயிறு, கூடு திரும்பும் பறவைகள், பின்னணியில் வயலினின் சோகம், இடையிடையே சில புதுக்கவிதை வரிகள் - இவை அமைந்துவிட்டாற் கவித்துவம் கைகூடிற்று என மெச்சுகின்றனர் சில விமர்சகர்கள். அப்படத்தில் மனிதர் எங்கே என எவரேனும் வினவினால், கலைக்குள் அரசியலைப் புகுத்தாதீர் என்ற பதில் ஆயத்தமாக இருக்கிறது.

அந்தியின் அழகை நாம் மறுக்கவில்லை. அதை அமர்ந்து பார்க்கும் ஓய்வு யாருக்குக் கிடைக்கிறது என்றே கேட்கிறோம். மலையகத் தோட்டத்திலே பொழுது சாய்வது கொழுந்து நிறுக்கும் வேளை. தராசு காட்டும் நிறையைப் பொறுத்ததே அன்றைய வேதனம். லயத்துக்குத் திரும்பும் பெண்ணை அடுப்பும் தண்ணீர்க் குடமும் எதிர்கொள்கின்றன. வடபுலக் கரையிலோ மீனவரின் வள்ளங்கள் கடலில் இறங்குவதும் அதே அந்தியிலேதான்.

மரபின் பெயரால் வாதிடுவோருக்குத் தொல்காப்பியத்தையே நினைவூட்டுவோம். முல்லைக்கு மாலையைச் சிறுபொழுதாக வகுத்த அந்நூல், பொழுதை முதற்பொருள் என்பதோடு அமையவில்லை. உணவையும் தொழிலையும் கருப்பொருளாக அதனருகே வைத்தது. தொழிலை நீக்கிப் பொழுதை மட்டும் பாடுவது மரபன்று, மரபின் சிதைவு.

சினிமாவின் வரலாறும் இதையே கூறுகிறது. பிரேசிலிற் பிறந்த அல்பேர்ட்டோ கவல்கான்டி 1926 இல் பாரிஸ் நகரின் ஒருநாட்பொழுதை மௌனப்படமாக்கினார். மணித்தியாலங்களின் ஓட்டமே அதன் பொருள். தொடக்கத்தில் படிக்கட்டில் இறங்கிவரும் சீமாட்டிகள் அசைவற்ற புகைப்படமாக உறைகின்றனர், அப்புகைப்படம் கிழித்தெறியப்படுகிறது. ஒருவன் உண்ணும் இறைச்சித் தட்டினுள்ளே கசாப்புக்கூடம் தோன்றுகிறது. பத்திரிகை விற்கும் ஏழைப் பெண்ணின் நாள் கொலையில் முடிகிறது. காலம் எல்லோருக்கும் ஒன்றுபோல் ஓடுவதில்லை என்று சொன்னதால் அப்படம் கவித்துவத்தை இழந்துவிட்டதா? இல்லை. கவித்துவ ஆவணப்படங்களின் முன்னோடிகளுள் ஒன்றாக அது இன்றும் போற்றப்படுகிறது.

எமது மாணவரின் கைத்தொலைபேசியிலேயே இன்று கமெரா இருக்கிறது. சூரியனை நோக்கி உயர்த்திய அதனைச் சற்றே இறக்கித் தராசின் பக்கம் திருப்புங்கள் என்று சொல்லும் கடமை ஆசிரியர்களாகிய எமக்குரியது. அதைச் சொல்லாது, அழகாயிருக்கிறது என்று மட்டும் பாராட்டிப் புள்ளியிடுவோமாயின், அவர்களது பார்வையை மங்கவைத்த பழி அந்தியைச் சாராது, எம்மையே சாரும்.