அரைப்பேர்: மலையகப் பாட்டும் ஒரு பி.காம். மாணவனின் கணக்கும்

"கவிதை எழுதினா சம்பளம் கூடுமா மச்சி?"

எங்கள் வகுப்பில் யாராவது கவிதை என்று வாயைத் திறந்தால் அடுத்த நொடி வருகிற கேள்வி இதுதான். பி.காம். படிக்கிற கூட்டம் இல்லையா, வரவு என்ன செலவு என்ன என்று கேட்டே பழகிவிட்டோம். கேள்வியில் கிண்டல் இருக்கிறது. நியாயமும் இருக்கிறது. எங்கேயோ மலை மேலே, பஸ் போகாத இடத்தில் கஷ்டப்படுகிறவர்களைப் பற்றி யாரோ கவிதை எழுதுகிறார், கைதட்டல் வாங்குகிறார். கஷ்டப்பட்டவருக்கு அதில் என்ன கிடைத்தது?

நழுவாமல் பதில் சொல்லிப் பார்க்கிறேன். பொத்தாம்பொதுவாகப் பேசாமல் ஒரே ஒரு இடத்தை எடுத்துக்கொள்கிறேன்: இலங்கையின் மலையகம். ஹட்டன், தலவாக்கலை, நுவரெலியா, பதுளை பக்கத்துத் தேயிலைத் தோட்டங்கள். (கையில் டீ இருந்தால் அப்படியே வைத்துக்கொண்டு படியுங்கள். சம்பந்தம் இருக்கிறது :-))

அங்கே கொழுந்து பறிக்கிறவர்களில் பெரும்பாலானவர்கள் நம்ம ஊர்ப்பக்கத்திலிருந்து போனவர்களின் வாரிசுகள். பிரிட்டிஷ் ஆட்சியில், முதலில் காப்பிக்கும் பிறகு தேயிலைக்கும் கங்காணிகள் கூட்டிக்கொண்டு போன ஏழைகள். ஆரம்ப காலத்தில் மன்னார் கரையில் இறங்கி, காட்டு வழியாக மாத்தளை வரை நடந்தே போனார்கள். வழியில் காலராவிலும் காய்ச்சலிலும் செத்தவர்களுக்குப் பெயர்ப்பட்டியல் கிடையாது. ஆனால் 1883இல் ஆரம்பித்த கொழும்புத் தேயிலை ஏலத்தில் சரக்கு என்ன விலைக்குப் போனது என்பதற்குக் கணக்கு உண்டு.

என் பதிலும் இங்கேதான் ஆரம்பிக்கிறது. எதைக் குறித்துவைப்பது, எதை விடுவது என்பதைக் கணக்குப் புத்தகம் யார் கையில் இருக்கிறதோ அவர்தான் முடிவு செய்கிறார். விட்டுப்போனது நாளடைவில் நடக்காதது மாதிரியே ஆகிவிடுகிறது. அந்த விட்டுப்போன வரியை எழுதுவதுதான் இப்படிப்பட்ட கவிதையின் வேலை. சம்பளத்தைக் கூட்டுவது அதன் வேலை இல்லை.

கொஞ்சம் நம்ம பாடத்துக்கே வருவோம். நமக்குப் பணம் தரவேண்டியவர் பேலன்ஸ் ஷீட்டில் சொத்துப் பக்கம் வருவார் என்று முதல் வருஷத்திலேயே படித்தோம். மலையகத்தில் அது நிஜ மனிதர்கள் மேலேயே நடந்தது. வழிச்செலவு, அரிசி, முன்பணம் எல்லாம் தொழிலாளியின் பெயரில் கடனாக ஏறும். அவர் வேறு தோட்டத்துக்குப் போகவேண்டுமானால், இவ்வளவு தொகை கட்டினால் இந்த ஆளை விடுகிறோம் என்று ஒரு சீட்டு எழுதுவார்கள். அதற்குத் 'துண்டு' என்று பெயர். புதுத் தோட்டம் பணத்தைக் கட்டும். கடனும் ஆளும் சேர்ந்தே இடம் மாறும். 1921இல்தான் இந்த முறையை ஒழித்தார்கள். இதை ஒரு கணக்காகக் கொடுத்தால் நம்மில் யாரும் பத்து நிமிஷத்தில் போட்டுவிடுவோம். பற்றும் வரவும் சரியாக வரும், ஒரு பைசா இடிக்காது. எனக்கு அதுதான் பயமாக இருக்கிறது.

இன்னொரு சொல் பாருங்கள். தோட்டத்தில் ஒரு நாள் வேலைக்குப் 'பேர்' என்பார்கள். செக்ரோலில் பெயருக்கு நேரே அன்றைய வேலை பதிவானால் பேர் விழுந்தது என்று அர்த்தம். சொன்ன எடைக்குக் கொழுந்து இல்லையென்றால் 'அரைப்பேர்', பாதிச் சம்பளம். அந்த எடை தோட்டத்துக்குத் தோட்டம் மாறும், 16 கிலோ, 18 கிலோ என்று. மழை கொட்டியதோ, செடியில் கொழுந்தே இல்லாத மாதமோ, அதெல்லாம் செக்ரோலுக்குத் தெரியாது.

பேர் என்றால் பெயர். அரைப்பேர் என்றால் அந்தப் பெயரில் பாதி. இதை எந்தக் கவிஞரும் மோட்டுவளையைப் பார்த்து யோசித்துக் கண்டுபிடிக்கவில்லை. கூடையைத் தூக்கிக்கொண்டு மலை ஏறுகிறவர்கள் வாயில் தினமும் புழங்குகிற சொல் அது. கவிதைக்கு வேண்டிய சொல் லயத்திலேயே இருந்தது, வெளியிலிருந்து யாரும் கொண்டுபோகத் தேவையில்லை. (லயம் என்றால் வரிசையாகக் கட்டிய ஒற்றை அறை வீடுகள். சங்கீத லயம் இல்லை.)

அந்தச் சொற்களை வைத்துப் பாடவும் செய்தார்கள். கங்காணியின் ஏமாற்று, விடியும் முன்னே பெரட்டுக்களத்தில் ஆள் எண்ணுவது, பாதியாகிப்போன கூலி எல்லாம் மலையக நாட்டுப்பாடல்களில் வருகிறது. பலருக்கும் தெரிந்த பழைய பாட்டு ஒன்று உண்டு. ஒரு மலையைக் காட்டி, காப்பிக் கன்று நட்டது இங்கேதான், அண்ணனைப் பறிகொடுத்ததும் இங்கேதான் என்று சொல்கிற பாட்டு. நீயும் அழு என்று அது நம்மைக் கேட்கவில்லை. அந்த மலைக்குத் தோட்டத்துக் கணக்கும் இருந்திருக்கும்: எத்தனை ஏக்கர், எத்தனை கன்று, என்ன மகசூல். அதில் அண்ணன் இருக்கமாட்டான். 1869இல் தலைகாட்டிய இலை நோயில் அந்தக் காப்பியே அழிந்து, மலையெல்லாம் தேயிலை ஆகிவிட்டது. காப்பியும் இல்லை, காப்பிக்காரத் துரையும் இல்லை. அண்ணன் மட்டும் பாட்டில் இருக்கிறான்.

இந்தப் பாடல்களைத் தேடித் தொகுத்தவர்களில் முக்கியமானவர் சி.வி. வேலுப்பிள்ளை. 1914இல் மடக்கும்புர தோட்டத்தில் பிறந்தவர். இவர் கதை நம்ம கேள்விக்கு நேரடியாக உதவும். 1947 தேர்தலில் இலங்கை இந்தியன் காங்கிரஸ் சார்பில் தலவாக்கலைத் தொகுதியில் ஜெயித்து நாடாளுமன்றத்துக்குப் போனார். அந்தத் தேர்தலில் அந்தக் கட்சிக்கு 7 இடங்கள். அடுத்த வருஷமே, 1948இல், குடியுரிமைச் சட்டம் வந்தது. சுமார் 7 லட்சம் மலையகத் தமிழர்கள் நாடற்றவர்கள் ஆனார்கள். தொடர்ந்து வாக்குரிமையும் போனது. 1952 தேர்தலில் மலையகத்திலிருந்து அவர்களுக்காகப் பேச ஒருவரும் தேர்வாகவில்லை. எப்படித் தேர்வாவார்? ஓட்டுப் போடவேண்டியவர்களே பட்டியலில் இல்லையே.

வேலுப்பிள்ளை ஆங்கிலத்தில் எழுதிய நெடுங்கவிதை அந்த 1950களில்தான் வெளிவந்தது. சக்தீ பால ஐயா அதைத் 'தேயிலைத் தோட்டத்திலே' என்று தமிழில் தந்தார். நாடாளுமன்ற வாசல் சாத்தப்பட்ட ஒரு மனிதர், இங்கே இப்படி ஒரு ஜனம் இருக்கிறது, இந்த மண்ணுக்கு இவர்கள் கொடுத்தது இவ்வளவு என்று எழுதிவைக்கிறார். அவர் தொகுத்த 'மலைநாட்டு மக்கள் பாடல்கள்' நூல் 1983இல் வந்தது. மறு வருஷம் அவர் இறந்துபோனார். வாக்கு பறிபோன இடத்தில் சொல்லாவது மிஞ்சட்டும் என்று ஓர் ஆயுள் முழுக்க உழைத்த மனிதரிடம் போய் "எவ்வளவு கூடுச்சு சார்?" என்று கேட்க எனக்கு மனசு வராது.

அதற்காகக் கவிதையால்தான் எல்லாம் நடந்தது என்று பீலா விடப்போவதில்லை. 1984 வரைக்கும் தோட்டத்தில் ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே நாள் சம்பளம் கிடையாது. அந்த வருஷம் அது கிடைத்தது வேலைநிறுத்தத்தால், கவிதையால் இல்லை. வருஷக்கணக்காகக் கேட்ட 1000 ரூபாய் நாள் சம்பளம் 2021இல்தான் கைக்கு வந்தது. 2022 பொருளாதார நெருக்கடி அதையும் தின்றுவிட்டது. 2024இல் 1350 ஆனது. இதெல்லாம் சங்கம், பேச்சுவார்த்தை, சாலை மறியல், வர்த்தமானி அறிவித்தல் என்று போகிற பாதை. ஆனால் சங்கத்தையும் பாட்டையும் எதிரெதிரே நிறுத்துவதும் தப்பு. 1930களில் தோட்டத் தொழிலாளர்களுக்குச் சங்கம் கட்டியவர் தஞ்சாவூர்க்காரரான கோ. நடேசய்யர். அவர் மனைவி மீனாட்சி அம்மாள் தானே பாட்டு எழுதி, கூட்டங்களில் தானே பாடியவர். இந்தியத் தொழிலாளர்களைத் திருப்பி அனுப்பு என்ற குரல் ஓங்கிய நேரத்தில், 1940இல், அவர் பாடல்கள் சிறு நூலாகவும் வந்தன. எழுத்துக் கூட்டிப் படிக்கவே வாய்ப்பில்லாத ஜனத்துக்குத் துண்டுப் பிரசுரத்தால் என்ன பயன்? தெரிந்த மெட்டில் ஒரு பாட்டு என்றால் லயம் லயமாகத் தானே போய்ச் சேர்ந்துவிடும்.

இப்போது நம்ம பக்கத்துக்கு ஒரு குட்டு. கல்லூரிக் கவிதைப் போட்டிகளில் தேயிலைத் தொழிலாளி என்று தலைப்புக் கொடுத்தால் பத்தில் எட்டு கவிதை ஒரே இடத்துக்குத்தான் வந்து நிற்கும்: டீயின் சிவப்பு அவர்களுடைய ரத்தம். முதலில் சொன்னவருக்கு அது நெருப்பு. நூறாவது தடவை கேட்கிறவருக்கு அது வெறும் அலங்காரம். உச் கொட்டிவிட்டு அடுத்த மடக்கு குடிக்கலாம். அரைப்பேர் என்றால் என்ன என்று தெரிந்துகொண்டவரால் அவ்வளவு சுலபமாகக் குடிக்க முடியாது. யார் பெயரைப் பாதியாக்கியது, எந்த எடைக்கு, எந்த விதிப்படி என்ற கேள்விகள் பின்னாலேயே வருமே! இரக்கம் ஒரு நிமிஷத்தில் தீர்ந்துவிடும். விவரம் அப்படித் தீராது.

அப்படியானால் வெளியே இருப்பவர் எழுதவே கூடாதா? அப்படிச் சொல்லமாட்டேன். பாரதி ஃபிஜித் தீவைப் பார்த்ததில்லை. ஆனாலும் கரும்புத் தோட்டத்துப் பெண்களைப் பற்றி எழுதினார். கடல் தாண்டிப் போய்க் கண்ணில் படாமல் போனவர்களைத் தமிழ்நாடு நினைத்துப்பார்க்க அந்தப் பாட்டு ஒரு காரணம். வெளியாள் எழுதலாம், எழுதவும் வேண்டும். ஆனால் அதோடு நிறுத்திவிட்டு, அந்தப் பெண்களே பாடியதைக் காது கொடுத்துக் கேட்காமல் இருந்தால், நாமும் நமக்குப் பிடித்ததை மட்டும் எழுதிக்கொள்கிற கணக்குப்பிள்ளைதான்.

உள்ளிருந்து வந்த எழுத்திலும் விடுபட்டது உண்டு. துரையும் கங்காணியும் அச்சில் வந்த கவிதைகளில் நிறைய வருகிறார்கள். லயத்து அறைக்குள் அவளுடைய சம்பளத்தைக் கையில் வாங்கிய கணவனோ அப்பாவோ அந்த அளவுக்கு வருவதில்லை. கைக்குழந்தையைப் பிள்ளைக் காம்பராவில் விட்டுவிட்டு மலைக்குப் போகிற தாயின் மனசைத் தாலாட்டில்தான் தேடவேண்டியிருக்கிறது. அச்சுக்குப் போனவர்களில் ஆண்கள் அதிகம், தாலாட்டும் ஒப்பாரியும் பெண்களுடையவை. அதனால்தான் நாட்டுப்பாடல் தொகுப்பைக் கவிதைப் புத்தகத்துக்கு ஒரு படி கீழே வைக்கக்கூடாது என்கிறேன்.

"தொலைதூர மக்கள்" என்று சொல்கிறோமே, யாருக்குத் தொலைவு? அந்த மலையின் தேயிலை கொழும்பு போய், லண்டன் போய், உலகம் பூராவும் போகிறது. சரக்குக்கு இருக்கிற பாதை ஆளின் குரலுக்கு இல்லை. 2014 அக்டோபரில் கொஸ்லாந்தை, மீரியபெத்தையில் மண்சரிந்து லயங்கள் புதைந்தபோது, உள்ளே எத்தனை பேர் என்று முதல் சில நாட்கள் ஆளுக்கொரு எண் சொல்லிக்கொண்டிருந்தார்கள். கொழுந்தை எடை போடும்போது இப்படி ஆளுக்கொரு எண் சொல்லமாட்டார்கள்.

இதில் தமிழ்நாட்டுக்கும் பங்கு இருக்கிறது. 1964இல் சிறிமாவும் சாஸ்திரியும் போட்ட ஒப்பந்தத்தில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று பிரித்தார்கள். மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டார்கள். ஜனங்களை யாரும் கேட்கவில்லை. மலையகத்தில் ரயிலைக் கோச்சி என்பார்கள். சொந்தங்களைப் பிரித்துத் தலைமன்னாருக்கு ஏற்றிப்போன ரயிலுக்கு 'அழுகைக் கோச்சி' என்று பெயர் வைத்தார்கள். அந்த ஒப்பந்தப் பத்திரத்தை முழுக்கப் படித்தாலும் இந்த இரண்டு சொல்லில் இருக்கிற விஷயம் கிடைக்காது. வந்தவர்களில் ஒரு பகுதியினருக்கு நீலகிரியில் கூடலூர், கோத்தகிரி, குன்னூர் பக்கம் அரசுத் தேயிலைத் தோட்டங்களில் வேலை கொடுத்தார்கள். அங்கே இருந்தவரை 'இந்தியத் தமிழர்'. இங்கே வந்தால் 'சிலோன்காரர்'. இரண்டு நாட்டிலும் அரைப்பேர்தான் போட்டிருக்கிறோம்.

ஆகவே மச்சி, உன் கேள்விக்குப் பதில்: கவிதையால் சம்பளம் கூடாது. ஆனால் எது எழுதப்படாமல் போனது என்று தெரியாத ஊரில், அதைக் கேட்டு வாங்கவும் ஆள் இருக்காது.

படிக்கிறவர்களுக்கு ஒரு வேலை கொடுத்து முடிக்கிறேன். கூடலூர், கோத்தகிரி, வால்பாறை என்று தோட்டப் பக்கத்திலிருந்து வந்து நம்மோடு படிக்கிறவர்கள் இருப்பீர்கள். வீட்டிலோ பக்கத்து லைனிலோ பாட்டுத் தெரிந்த அம்மாயியோ அப்பாயியோ இருந்தால், அடுத்த லீவில் அவர்களிடம் கேட்டு, சம்மதத்தோடு போனில் பதிவு பண்ணுங்கள். எந்தத் தோட்டம், எந்த வருஷம் வந்தார்கள், பாட்டை யாரிடம் கற்றார்கள் என்பதையும் எழுதிவையுங்கள். அர்த்தம் புரியாத சொல் வந்தால் திருத்தாதீர்கள், அப்படியே விடுங்கள். அவர்கள் சரி என்றால், மேலே பாடியவரின் பெயரையும் போடுங்கள். முழுப்பேராக.